மத்தேராவின் ரொட்டி

இத்தாலியின் வரைபடத்தை ஒரு பூட்ஸாக நினைத்துக்கொண்டால், அதன் உள்ளங்கால் வளைந்து குழியும் இடத்தில் பசிலிக்காத்தா மாநிலம் இருக்கிறது. அங்கே கிராவினா என்ற ஓடை சுண்ணாம்புப் பாறையை அறுத்து ஆழமான பள்ளத்தாக்கு ஒன்றை உண்டாக்கியிருக்கிறது. அதன் விளிம்பில், கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய 400 மீட்டர் உயரத்தில் நிற்கிறது மத்தேரா. சுமார் 60,000 பேர் வாழும் ஊர். நடுவில் கதீட்ரல் நிற்கும் சீவித்தா மேடு; அதன் இருபுறச் சரிவுகளிலும் கவெயோசோ, பரிசானோ என்று இரண்டு பழைய குடியிருப்புகள். இரண்டையும் சேர்த்து சாஸ்ஸி என்பார்கள். பல வீடுகளில் பின்பாதி பாறையைக் குடைந்தது. முன்பாதி, குடைந்தெடுத்த கல்லையே அடுக்கிக் கட்டியது. கீழ்வீட்டுக் கூரையே மேல்வீட்டுக்குத் தெருவாக இருக்கும். இந்தச் சரிவுகளில் வழிகாட்டியுடன் சில மணி நேரம் நடந்து, இடையிடையே ஊர்ச் சாப்பாட்டை ருசி பார்க்கும் நடைப்பயணங்கள் இன்று நிறைய நடக்கின்றன. அந்த ருசி பார்த்தலைக் கால்வலிக்கு ஓர் இடைவேளை என்றே பெரும்பாலோர் எடுத்துக்கொள்கிறார்கள். நான் இன்று அதை மறுத்துப் பேசப் போகிறேன். மத்தேராவின் வரலாற்றுக்குக் கல்லைவிட உணவே நம்பத்தகுந்த சாட்சி.

கல்லை ஏன் முழுதாக நம்பக்கூடாது என்பதை நடந்து பார்த்தாலே புரிந்துகொள்ளலாம். வித்தோரியோ வெனெத்தோ சதுக்கத்திலிருந்து புறப்படுவது நல்லது. அந்தச் சதுக்கத்தின் அடியில் பலொம்பாரோ லுங்கோ என்ற மாபெரும் நிலத்தடி நீர்த்தொட்டி இருக்கிறது. 16ஆம் நூற்றாண்டு தொடங்கிக் குடைந்து குடைந்து விரிவாக்கியது. சுமார் 50 லட்சம் லிட்டர் தண்ணீர் கொள்ளும். ஓட்டுத்தூள் கலந்த சாந்து பூசி, கசியாதபடி செய்திருக்கிறார்கள். வெகுகாலம் மறந்து கிடந்த இதை 1991இல்தான் மீண்டும் திறந்தார்கள். அங்கிருந்து படிகளில் இறங்கினால் சாஸ்ஸி கண்முன் விரியும். தேன்நிறச் சுவர்கள், பூந்தொட்டிகள், பாறையைக் குடைந்த கோயில்கள், மாலையானதும் மஞ்சள் விளக்குகள். குகைகளில் பல இன்று தங்கும் விடுதிகள். உள்ளே வெந்நீர்த் தொட்டியும் மெத்தைக் கட்டிலும் போட்டிருக்கிறார்கள். முன்பின் தெரியாத ஒருவர் இதைப் பார்த்தால், இங்கே வாழ்ந்தவர்கள் எல்லோரும் பாக்கியசாலிகள் என்றுதான் நினைப்பார். கல்லின் மேல் படிந்திருந்த கரியும் சாண நாற்றமும் போய்விட்டன. பழுதுபார்க்கும் வேலை அவ்வளவு நேர்த்தியாக நடந்திருக்கிறது. அதுவே வரலாற்றை மறைத்தும் விடுகிறது.

உண்மையில் இங்கே என்ன நடந்தது? பாசிச அரசால் 1935இல் பசிலிக்காத்தாவுக்கு உள்நாட்டுக் கைதியாக அனுப்பப்பட்ட எழுத்தாளர் கார்லோ லேவி, 1945இல் வெளியிட்ட ‘கிறிஸ்து எபோலியில் நின்றுவிட்டார்’ நூலில், மருத்துவரான தம் சகோதரி மத்தேராவில் கண்டதைப் பதிவு செய்தார். ஒரே குகைக்குள் குடும்பமும் கழுதையும் கோழியும் பன்றியும், மலேரியா, கண்நோயால் வாடிய குழந்தைகள். நூல் நாட்டை உலுக்கியது. கம்யூனிஸ்ட் தலைவர் தொல்யாத்தி 1948இல் வந்து, இது தேசத்துக்கே அவமானம் என்றார். 1950இல் பிரதமர் டி கஸ்பெரி நேரில் வந்து பார்த்தார். 1952இல் தனிச்சட்டம் போட்டு, சுமார் 15,000 பேரைப் படிப்படியாகப் புதிய குடியிருப்புகளுக்கு மாற்றினார்கள். சாஸ்ஸி காலியானது. ஆளில்லாத அந்தத் தெருக்களை இயக்குநர் பசோலினி 1964இல் வெளிவந்த தம் கிறிஸ்து படத்துக்கு எருசலேமாக ஆக்கிக்கொண்டார். சீரமைப்புக்கு வழிசெய்த சட்டம் 1986இல் வந்தது. யுனெஸ்கோ அங்கீகாரம் 1993இல். ஐரோப்பியக் கலாசாரத் தலைநகர் என்ற பட்டம் 2019இல். அவமானத்திலிருந்து பட்டம் வரை ஒரு மனித ஆயுளுக்குள் நடந்து முடிந்துவிட்டது. இவ்வளவு வேகமாக முகம் மாறிய ஊரில், மாறாமல் மிஞ்சியது எது என்று தேடுவதுதான் பயணியின் வேலை.

மிஞ்சியது ரொட்டி. மத்தேராவைச் சுற்றியுள்ள குன்றுகளில் விளைவது கடினமான துரும் கோதுமை. பாஸ்தா செய்ய ஏற்ற கோதுமை அது. அதை ரவையாக அரைத்து ரொட்டியும் சுடுகிறார்கள் என்பதால் உள்சதை வைக்கோல் மஞ்சளாக இருக்கும். புளிக்கவைக்கும் மாவை, பழங்களை ஊறவைத்த தண்ணீரில் தொடங்கி, தலைமுறையாகக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து வளர்த்து வருவது பழைய வழக்கம். 2008இல் இந்த ரொட்டிக்கு ஐரோப்பிய ஒன்றியத்தின் புவிசார் குறியீடு கிடைத்தது. எடை ஒரு கிலோ அல்லது இரண்டு கிலோ, மேலோடு குறைந்தது 3 மில்லிமீட்டர் தடிமன் என்றெல்லாம் அதில் விதி இருக்கிறது. ஏன் இவ்வளவு பெரிய ரொட்டி, ஏன் இவ்வளவு தடித்த மேலோடு என்று கேட்டால், ருசிக்காக என்று பதில் வராது. அன்று வீட்டில் அடுப்பு மூட்டி ரொட்டி சுட இடமும் இல்லை, விறகும் இல்லை. தெருவுக்குப் பொதுவான அடுப்பில், கூலி கொடுத்துத்தான் சுட்டு வாங்க வேண்டும். தினமும் சுட முடியாது. ஒருமுறை சுட்டால் ஒரு வாரத்துக்காவது தாங்க வேண்டும். தடித்த மேலோடு ஈரத்தை உள்ளே காத்தது. இரண்டு கிலோ எடை, பெரிய குடும்பத்தின் வாரக் கணக்கு. சுடுவதற்கு முன் மாவின்மேல் மூன்று வெட்டுப் போடுவது திரித்துவத்தின் நினைவாக என்று ஊரில் சொல்வார்கள். வீட்டில் பிசைந்த மாவைப் பலகையில் வைத்து அடுப்புக்கு அனுப்புவார்கள். யாருடையது எது என்று தெரிய, குடும்பத் தலைவரின் முதலெழுத்துகள் செதுக்கிய மர முத்திரையை அதன்மேல் குத்துவார்கள். ஆடு மேய்ப்பவர்கள் மேய்ச்சலிடையே செதுக்கிய அந்த முத்திரைகள் இன்று கடைகளில் அலங்காரப் பொருள். ஆனால் அந்தச் சிறு மரத்துண்டில் ஒரு முழுப் பொருளாதாரம் இருக்கிறது. நிலம் பெருநிலக்கிழார்களுடையது, விளைத்தவர் கூலிக்காரர், அவருக்குச் சொந்தம் என்று சொல்லிக்கொள்ள மிஞ்சியது இந்த ரொட்டியும் அதன்மேல் பதிந்த இரண்டு எழுத்துகளும்.

வழிகாட்டி ஒரு துண்டு ரொட்டியை ஆலிவ் எண்ணெயில் தோய்த்துக் கையில் கொடுக்கும்போது இதெல்லாம் சேர்ந்தே வாய்க்கு வருகிறது. காய்ந்து கெட்டியான ரொட்டியும் வீணாகவில்லை. அதைத் தண்ணீரில் நனைத்து, தக்காளி, வெங்காயம், எண்ணெய் சேர்த்தால் கோடைக்கு சியல்லெத்தா. முட்டையும் பூண்டும் பிரிஞ்சி இலையும் போட்டுக் கொதிக்கவைத்தால் குளிருக்கு வேறொரு சியல்லெத்தா. கிராப்பியாத்தா என்பது இன்னும் முக்கியமானது. அறுவடை முடிந்து, ஆகஸ்ட் 1ஆம் தேதி, ஒரு முற்றத்தைச் சுற்றி வாழ்ந்த வீடுகள் ஆளுக்கொரு பிடி கோதுமை, கொண்டைக்கடலை, பயறு, அவரை, உருளைக்கிழங்கு என்று கொண்டுவந்து ஒரே பானையில் வேகவைத்து, எல்லோருமாகச் சாப்பிடுவது. அந்த முற்றத்து அண்டைவாழ்வுக்கு விச்சினாத்தோ என்று பெயர். 1951இல் ஃபிரீட்மன் என்ற அறிஞர் தலைமையில் வந்த ஆய்வுக்குழு சாஸ்ஸியின் வாழ்க்கையை ஆராய்ந்தபோது இந்த விச்சினாத்தோவைத்தான் ஊரின் சமூக உயிர்நாடியாகக் கண்டது. முற்றத்தை இன்றும் பார்க்கலாம். அது வெறும் காலியிடம். பானையில் என்னென்ன கலந்தது என்று அறிந்த பிறகே அங்கே எத்தனை கைகள் சேர்ந்தன என்று தெரிகிறது. செனீஸே ஊரின் காரமில்லாத நீள மிளகாயை நூலில் கோத்து வெயிலில் காயவைத்து, நொடிப்பொழுது எண்ணெயில் பொரிக்கும் பெப்பெரோனி குருஸ்கியும் இந்த வரிசையில்தான் வரும். கையில் எடுத்தால் மொறுமொறுவென்று நொறுங்கும்.

இங்கே ஒரு கடுமையான ஆட்சேபம் எழும், அது நியாயமானதும்கூட. பட்டினியால் பிறந்த உணவைக் காசு கொடுத்துப் பொழுதுபோக்காகச் சாப்பிடுவது, மற்றவரின் வறுமையை ருசி பார்ப்பதாகாதா? காய்ந்த ரொட்டியைத் தவிர வேறெதுவும் இல்லாதவர் அதைத் தின்றதும், இரவு விடுதிக்குத் திரும்பப் போகிறவர் அதைத் தின்பதும் ஒன்றாகுமா? ஒன்றாகாது. ஆனால் இந்த ஆட்சேபத்தை ஏற்று உணவை விலக்கினால் மிஞ்சுவது விளக்கொளியில் அழகான சுவர்கள் மட்டுமே. அப்போது வறுமை மரியாதை பெறுவதில்லை; காணாமல் போகிறது. அதோடு, இந்த உணவை வறுமை என்று மட்டும் சொல்வதும் அநீதி. கையில் இருந்த கொஞ்சத்தை வைத்துக் குடும்பத்தை ஒரு வாரம் காப்பாற்றிய பெண்களின் அறிவு அதில் இருக்கிறது. எவ்வளவு புளிக்கவிட வேண்டும், எத்தனை நாள் தாங்கும், எந்தப் பருப்பு முதலில் வேகும் என்பதெல்லாம் கணக்கு. அந்தக் கணக்கைப் படைத்தவர்களின் பெயர்கள் எந்தக் கட்டடத்திலும் இல்லை.

இன்னொரு ஆட்சேபம் வரலாற்று மாணவர்களிடமிருந்து வரும். சாப்பாடும் கல்லைப் போல மாறித்தானே இருக்கிறது? இன்றைய ரொட்டி பேக்கரிகளில் ஒரே அளவில் வருகிறது; எண்ணெய் அன்று சொட்டுச் சொட்டாகக் கிடைத்தது, இன்று ஊற்றுகிறார்கள். இது உண்மை. ஆகவே ருசி பார்க்கும் பயணங்கள் எல்லாமே ஒரு தரம் என்று நான் சொல்லவில்லை. பக்கத்து மாநிலமான பூலியாவின் ஆந்திரியா ஊருக்குரிய புர்ராத்தா பாலாடைக்கட்டியையும், வடக்கே பதோவாவில் பிறந்த அப்பெரோல் கலந்த ஆரஞ்சு நிறப் பானத்தையும் கொடுத்துவிட்டு, இதுதான் மத்தேரா என்று அனுப்புகிற பயணம் நேரத்தைக் களவாடுகிறது. இரண்டும் ருசியானவைதான், இந்த ஊரைப் பற்றி அவை எதுவும் சொல்லாது. வரிசையும் முக்கியம். முதலில் நீர்த்தொட்டி, பிறகு விக்கோ சொலித்தாரியோ சந்தில் பழைய தட்டுமுட்டுச் சாமான்களோடு வைத்திருக்கும் குகைவீடு, அதன் பிறகே ரொட்டி. அந்தக் குகைவீட்டில் உயரமான கட்டிலும், மிருகம் கட்டிய மூலையும், குடும்பம் முழுவதும் ஒரே தட்டில் சாப்பிட்ட சின்ன மேசையும் இருக்கின்றன. அதைப் பார்த்துவிட்டு வெளியே வருபவருக்கு எண்ணெயின் அளவு மாறியது பெரிய தடையாக இராது. ரொட்டியின் எடையும் மேலோட்டின் தடிமனும் இன்னும் பழைய தேவையின் அளவிலேயே இருக்கின்றன. அந்தத் தேவை தீர்ந்து அரை நூற்றாண்டுக்கு மேலாகிவிட்டது.

வழக்கமான நடைப்பயணத்தில் ஒரு பெரிய குறை உண்டு. சாஸ்ஸிக்குள் தொடங்கி சாஸ்ஸிக்குள்ளேயே முடித்துவிடுகிறார்கள். வெளியேற்றப்பட்ட குடும்பங்களுக்காகக் கட்டிய செர்ரா வெனெர்தி, ஸ்பீனே பியாங்கே போன்ற குடியிருப்புகள் ஊரின் மேற்பகுதியில் உள்ளன; கொஞ்சம் தள்ளி, லுதோவிகோ குவரோனி குழுவினர் வடிவமைத்த லா மர்த்தெல்லா கிராமம். நாட்டின் சிறந்த கட்டடக் கலைஞர்கள் பலர் கூடி, முற்றத்து அண்டைவாழ்வைப் புதிய தெருக்களில் எப்படிக் காப்பாற்றுவது என்று யோசித்துக் கட்டியவை இவை. காப்பாற்ற முடிந்ததா என்பது இன்றும் விவாதத்துக்குரிய கேள்வி. அதை அந்த இடத்தில் நின்று வழிகாட்டியிடம் கேட்க வேண்டும். அங்குள்ள ரொட்டிக் கடையில், உள்ளூர்க்காரர்கள் வரிசையில் நின்று வாங்கும் அந்தப் பெரிய ரொட்டியை நீங்களும் வாங்க வேண்டும். படிகளில் ஏறி இறங்கிய களைப்பில் அந்தத் தூரத்தைத் தவிர்த்துவிட்டுத் திரும்புகிறவருக்கு, மத்தேராவின் கதை 1952வரைதான் தெரிந்திருக்கும்.