நல்லாண்டி: ஒரே படத்தில் நிலைத்த கலை



திரைக்கலைஞர் ஒருவரைப் பற்றிப் பேசுவோர், அவர் நடித்த படங்களின் எண்ணிக்கையிலிருந்து தொடங்குவது வழக்கம். உசிலம்பட்டி வட்டாரத்து முதிய உழவர் நல்லாண்டிக்கு நினைவில் நிற்கும் படம் ஒன்றே. ம. மணிகண்டன் இயக்கி, தாமே ஒளிப்பதிவும் செய்த 'கடைசி விவசாயி' அது. 2022 பிப்ரவரி 11 அன்று படம் திரைக்கு வந்தபோது, அதன் நாயகர் உயிருடன் இல்லை.

கதை எளியது. குலதெய்வ வழிபாட்டுக்குப் புதுநெல் வேண்டும். ஊரில் உழவைக் கைவிடாதவர், செவிப்புலன் மங்கிய மாயாண்டி ஒருவரே. நெல் வளர்ந்துவரும் வேளையில், வயலில் இறந்துகிடந்த மயில்களை அவர் புதைக்கிறார். கொன்றவர் அவரே என்று வழக்கு வருகிறது. மயில் 1963 முதல் நாட்டின் தேசியப் பறவை; 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் அதற்குக் காவல். காயும் பயிருக்கு யார் காவல்? சிறையைவிட அதுவே அந்த முதியவரை வருத்துகிறது.

'நல்லாண்டி நடிக்கவில்லை, வாழ்ந்தார்' என்பது இத்தகையோர்க்கு எளிதில் வழங்கப்படும் பாராட்டு. அதற்குள் ஒரு மறுப்பும் ஒளிந்திருக்கிறது. அவருடைய உழைப்பைக் கலை என்று ஒப்ப மறுக்கும் மறுப்பு. வயலில் நிற்பது வாழ்க்கை. துண்டு துண்டாக எடுக்கப்படும் காட்சிகளுக்கிடையே, படக்கருவியின் முன் அந்த இயல்பைக் குலையாமல் காப்பது கலை. பிறர் பேச்சு செவியில் ஏறாத இடைவெளிகளை அவர் அவசரமின்றி நிரப்புகிறார். விஜய் சேதுபதி, யோகி பாபு ஆகிய பெயர்பெற்றோர் உடன் நடித்தும், படத்தின் பாரம் அவர் தோளிலேயே இருக்கிறது.

விதையில்லாத் தக்காளியைக் கண்டு மாயாண்டி கொள்ளும் திகைப்பு, ஒட்டன்சத்திரம் காய்கறிச் சந்தைக்கு மூட்டை ஏற்றி அனுப்பும் திண்டுக்கல் உழவருக்கு வேடிக்கையன்று. தன் வயலில் விளைந்ததிலிருந்து விதை எடுத்து வைத்த காலம் போய், பருவந்தோறும் கடைவாசலில் நிற்க நேர்ந்தவனின் சொந்தக் கதை அது.

2023 ஆகஸ்டில் அறிவிக்கப்பட்ட 69ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில், சிறந்த தமிழ்ப் படமாக அது தேர்வு பெற்றது. நல்லாண்டியின் நடிப்புக்கும் சிறப்புக் குறிப்பு கிடைத்தது. ஆனால் அவர் பெயருக்கு முன் 'மறைந்த' என்ற சொல் சேர்ந்துவிட்டது.

புகழுடையோரைக் கொண்டாட ரசிகர் மன்றங்கள் உண்டு. ஒரே படத்தோடு விடைபெற்றவரின் கலையை நினைவில் வைப்பது இலக்கிய வட்டங்களின் கடமை. குதிரில் எஞ்சியது ஒரு மரக்கால் என்றாலும், விதைநெல்லை எவரும் குறைவாக எண்ணுவதில்லை.