கடன் தீர்வு உடன்படிக்கையும் மறுபயனும்

 

வெள்ளி விழாக் காணும் இக்கல்விச் சங்கத்தில் சட்டத்தைப் பற்றிச் சில சொற்கள் கூறுமாறு பணிக்கப்பட்டுள்ளேன். சட்டம் பரந்தது. அதில் நம் குடும்பங்களை நாள்தோறும் தொடும் ஒரு கேள்வியை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

ஒருவர் 5,000 ரூபாய் கடன்பட்டிருக்கிறார். முழுவதும் கொடுக்க வழியில்லை. “2,000 ரூபாய் தருகிறேன், இத்தோடு கணக்கைப் பைசல் செய்துகொள்ளுங்கள்” என்கிறார். கடன் கொடுத்தவரும் இசைந்து பணத்தைப் பெற்றுக்கொள்கிறார். பின்னர் அவரே மீதி 3,000 ரூபாய்க்கு வழக்குத் தொடுத்தால் அது நிற்குமா?

இதற்கு விடை காண ‘மறுபயன்’ என்னும் சொல்லை அறிதல் வேண்டும். ஒருவர் தரும் வாக்குறுதிக்கு ஈடாக, அவர் விருப்பப்படி மற்றவர் செய்வதும், செய்யாது விடுவதும், அவ்வாறு செய்வதாக வாக்களிப்பதும் மறுபயனாகும். மறுபயன் இல்லாத உடன்படிக்கை, சில விலக்குகள் நீங்கலாக, செல்லாது என்பது 1872ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 25ஆம் பிரிவு.

இங்கிலாந்தில் இக்கோட்பாடு கடனாளியைக் கடுமையாகத் தாக்கியது. 1602இல் தீர்க்கப்பட்ட பின்னெல் வழக்கில், குறைந்த தொகை பெரிய தொகைக்கு ஈடாகாது என்று கூறப்பட்டது. பணத்துக்குப் பதிலாக ஒரு குதிரையோ, வல்லூறோ, அங்கியோ கொடுத்தால் கடன் தீரலாம். குறைந்த பணம் கொடுத்தால் தீராது! 1884இல் ஃபோக்ஸ் எதிர் பீர் வழக்கில் பிரபுக்கள் சபை இதனை உறுதி செய்தது. நீதிமன்றத் தீர்ப்பின்படி 2,090 பவுன் கொடுக்க வேண்டிய டாக்டர் ஃபோக்ஸ், தவணைகளில் செலுத்தினால் மேல்நடவடிக்கை எடுப்பதில்லை என்று திருமதி பீர் எழுதிக் கொடுத்திருந்தார். தவணைகள் யாவும் செலுத்தப்பட்ட பின்னர் அவர் வட்டி கேட்டார். அவ்வாக்குறுதிக்கு மறுபயன் இல்லை என்று அவருக்கே தீர்ப்பாயிற்று.

நம் நாட்டுச் சட்டம் இவ்வழியிற் செல்லவில்லை. ஒப்பந்தச் சட்டத்தின் 63ஆம் பிரிவின்படி, கடன் கொடுத்தவர் தமக்கு வரவேண்டியதை முழுமையாகவோ பகுதியாகவோ விட்டுக்கொடுக்கலாம், கெடுவை நீட்டிக்கலாம், தாம் தக்கதெனக் கருதும் வேறொன்றை ஏற்றுக்கொள்ளலாம். இதற்குத் தனி மறுபயன் தேவையில்லை. நான் கூறிய 5,000, 2,000 ரூபாய்க் கணக்கு அப்பிரிவின் எடுத்துக்காட்டிலேயே உள்ளது. முழுக் கடனுக்கும் ஈடாக 2,000 ரூபாயை ஏற்றுக்கொண்டால் கடன் முழுதும் தீர்ந்தது. ஐதராபாத் இளவரசருக்கு நகை விற்ற வணிகர், குறைந்த தொகையை முழுத் தீர்வாகப் பெற்றுக்கொண்டு, பின்பு மீதியைக் கேட்டு வழக்காடினார். 1962இல் உச்ச நீதிமன்றம் அக்கோரிக்கையை ஏற்கவில்லை. இளவரசருக்குக் கிடைத்த அதே பாதுகாப்பு, களத்து மேட்டில் கூலி பெறும் தொழிலாளிக்கும் உண்டு.

ஆனால் உரிமை இருப்பது வேறு. அதனை மெய்ப்பிப்பது வேறு. கடன் தீர்ந்தது என்று காட்டும் பொறுப்பு கடனாளியின் தலையில் விழுகிறது. புரோநோட்டு வட்டிக்காரரின் பெட்டியில் இருக்க, நம்மிடம் வாய்ச்சொல் மட்டும் இருந்தால் என் செய்வது? “ரூபாய் 2,000 பெற்றேன்” என்னும் ரசீது போதாது. அது பகுதி வரவு என்றே வாதிடப்படும். “முழுக் கடனுக்கும் தீர்வாக ரூபாய் 2,000 பெற்றேன், இனிப் பாக்கி இல்லை” என்று தேதியிட்டுக் கையெழுத்துப் பெறுங்கள். புரோநோட்டையும் அன்றே திரும்பப் பெறுங்கள். தவணைத் தீர்வாயின், ஒரு தவணை தவறினால் பழைய கடன் முழுதும் உயிர்பெறும் என்னும் நிபந்தனை உள்ளதா என்று பாருங்கள்.

இன்னொரு எச்சரிக்கை. கைக்கடனுக்கும் புரோநோட்டுக்கும் வழக்குத் தொடுக்கும் காலம் பொதுவாக மூன்று ஆண்டுகளே. அக்காலம் கடந்த கடனைத் தருவதாக எழுதிக் கையொப்பமிட்டால், 25ஆம் பிரிவின் விலக்கின்படி மறுபயன் இன்றியே அது செல்லும். ‘கணக்குத் தீர்க்கும் பத்திரம்’ என்று நீட்டப்படும் தாள், செத்த கடனை உயிர்ப்பிக்கும் தாளாக இருக்கலாம். படித்துப் பாராமல் ரேகை வைக்காதீர்கள்.

கொத்தடிமைக் கடனுக்கோ தீர்வு பேச வேண்டிய தேவையே இல்லை. 1976ஆம் ஆண்டுக் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் அக்கடனை அடியோடு அழித்துவிட்டது. அதன் பேரால் பணம் பெறுவதே தண்டனைக்குரிய குற்றம். அத்தகைய கடனில் “பாதி கொடு, விட்டுவிடுகிறேன்” என்பவர் சலுகை காட்டவில்லை, குற்றம் புரிகிறார்.

இளைஞர்களே! நம் முன்னோர் எழுத்தறியாமையால் இழந்தவை பல. உங்கள் தந்தையின் முன் ஒரு தாள் நீட்டப்படும்போது அருகிருந்து, அதனை உரக்கப் படித்து, பொருள் சொல்லி, ஐயம் எழுந்தால் வழக்கறிஞரை நாடுங்கள். அந்த ஒரு செயலால் ஒரு குடும்பத்தின் நிலம் காக்கப்படலாம். ஒரு தங்கையின் படிப்பு தொடரலாம். இச்சங்கம் தந்த கல்விக்கு அதனினும் சிறந்த கைம்மாறு இல்லை.