சீட்டுச் செல்லாது, உரிமை செல்லும்



குத்தகை நிலத்தைவிட்டு வெளியேறச் சொல்லும் நிலச்சொந்தக்காரர், "உன் சீட்டுச் செல்லாது" என்பார். அச்சொல் கேட்டதும் மண்வெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு வரப்பேறி விடுகிறோம்.

அவர் சொல்வதில் பாதி உண்மை. ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகைப் பத்திரம் பதிவாக வேண்டும் என்பது 1908ஆம் ஆண்டின் பதிவுச் சட்டம். பதியாத பத்திரத்தைக் காட்டி ஐந்தாண்டுத் தவணையை நீதிமன்றத்தில் நிலைநாட்ட இயலாது.

ஆனால், சீட்டு வீழ்ந்தால் உழவனும் வீழ்வதில்லை. தமிழகத்தின் 1955ஆம் ஆண்டுச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம், சொல்லாலோ நடத்தையாலோ ஏற்பட்ட உடன்பாட்டின்படித் தம் உடலுழைப்பையோ குடும்பத்தார் உழைப்பையோ நிலத்தில் இடுபவரைக் குத்தகைதாரராகவே ஏற்கிறது.

பின் நாம் இழப்பது எதனால்? நெல்லை அளந்துவிட்டு ரசீது கேட்பதில்லை. அவர் வாங்க மறுத்தால் வாளாவிருக்கிறோம். அந்தப் பாக்கியே நம்மை வெளியேற்றும் காரணமாகிறது. மறுக்கப்பட்ட குத்தகையை உரிய காலத்தில் நீதிமன்றத்தில் கட்டிவைக்கச் சட்டம் இடந்தருகிறது. 1969ஆம் ஆண்டின் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டப்படிப் பெயரைப் பதியவும் மனுச் செய்யலாம்.

இளைஞர்களே! இருபத்தைந்து ஆண்டுகளாக இக்கழகம் நமக்கு எழுத்தறிவித்தது. நம் தந்தையர் கைந்நாட்டு வைத்த தாளை நாம் படிப்போம். நம் தெருவில் உழும் ஒவ்வொருவருக்கும் ரசீது கேட்டு வாங்கித் தருவோம். மனு எழுதித் தருவோம். அதுவே இவ்விழாவிற்கு நாம் செய்யும் சிறப்பு.