சீமோர் படம் எங்கே?



எனக்குக் கொடுத்த தலைப்பு வேறு. அதை இன்று பேசப்போவதில்லை. காலையில் இந்த மேடையில் வெளியிட்டார்களே, அமெரிக்க எழுப்புதல் வீரர்களைப் பற்றி ஒரு மலர், அதைப் புரட்டிய பிறகு வேறெதையும் பேச மனம் வரவில்லை. பக்கத்துக்குப் பக்கம் வண்ணப் படம். ஜோனதன் எட்வர்ட்ஸ், ஜார்ஜ் விட்ஃபீல்ட், சார்லஸ் ஃபின்னி, மூடி, பில்லி சண்டே, பில்லி கிரஹாம். வழவழவென்று தாள். அத்தனை பக்கத்தில் ஒரு கறுப்பு முகம் கிடையாது. கேட்கிறேன், பதில் சொல்லுங்கள்: வில்லியம் சீமோர் படம் எங்கே?

யார் அந்தச் சீமோர் என்று கேட்கும் தம்பிகள் இங்கே இருப்பார்கள். குற்றம் உங்களுடையது அல்ல, சொல்லித்தராதவர்களுடையது. 1870இல் லூசியானாவில் பிறந்தவர். அடிமைகளாய் இருந்து விடுதலையான தாய் தகப்பனுக்குப் பிள்ளை. ஒரு கண்ணில் பார்வை இல்லை. 1906 தொடக்கத்தில் டெக்சஸ் மாநிலம் ஹூஸ்டனில் சார்லஸ் பார்ஹம் என்ற வெள்ளைக்காரர் நடத்திய வேதாகமப் பள்ளிக்குப் படிக்கப் போனார். உள்ளே பரிசுத்த ஆவியின் அபிஷேகத்தைப் பற்றிப் பாடம். கறுப்பரும் வெள்ளையரும் ஓரிடத்தில் உட்காரலாகாது என்பது அந்த மாநிலத்து வழக்கம், சட்டம். ஆகவே சீமோரை வெளியே வராந்தாவில் உட்காரவைத்தார்கள். கதவைத் திறந்து வைத்தார்களாம். காது உள்ளே போகலாம், ஆள் போகக் கூடாது!

அப்படி வெளியே உட்காரவைக்கப்பட்ட மனிதர் அதே ஆண்டு ஏப்ரலில் லாஸ் ஏஞ்சல்ஸில், போனி ப்ரே தெருவில் ஒரு வீட்டில் ஜெபக் கூட்டம் நடத்தினார். கூட்டம் பெருகி, அசூசா தெரு 312ஆம் எண் கட்டடத்துக்கு வந்தார்கள். முன்பு கறுப்பர்களின் மெதடிஸ்ட் ஆலயமாக இருந்து, பிறகு குதிரை கட்டிய இடம். ஆணிப் பீப்பாய்கள் மேல் பலகை போட்டு பெஞ்சு. மரப்பெட்டிகளை அடுக்கிப் பிரசங்க பீடம். கறுப்பு வண்ணாத்தியும் வெள்ளைப் போதகரும் மெக்சிகோ கூலியும் ஒரே பலகையில் முழங்கால் போட்டார்கள். அதே 1906 செப்டம்பரில் அட்லாண்டா நகரத்தில் வெள்ளைக் கும்பல் கறுப்பர்களைத் தெருத் தெருவாய் அடித்துக் கொன்றது. அப்பேர்ப்பட்ட நாட்டில், அப்பேர்ப்பட்ட ஆண்டில், ஒரே பலகை! உலகத்திலுள்ள பெந்தெகொஸ்தே சபைகளில் மிகப் பெரும்பாலானவை தங்கள் வம்ச வரலாற்றை அந்த லாயத்திலிருந்துதான் எழுதுகின்றன. அங்கிருந்து புறப்பட்ட கார் என்ற ஊழியத் தம்பதியர் சில மாதங்களுக்குள் கல்கத்தாவில் வந்து பிரசங்கித்தார்கள்.

மலரைத் தொகுத்த ஐயா, பில்லி சண்டே ஊழியத்துக்கு வருமுன் சிகாகோ அணிக்குப் பேஸ்பால் ஆடியதை வரிந்து வரிந்து எழுதியிருக்கிறார். எவ்வளவு வேகமாய் ஓடினார் என்பதும் இருக்கிறது. சண்டே ஓடிய ஓட்டம் தெரிந்தவருக்கு அசூசா தெருவுக்கு வழி தெரியவில்லை! சீமோர் படம் எங்கே, ஐயா?

இதை மதிய உணவு வேளையில் கேட்டேன். “அந்தக் காலம் அப்படி, ஆத்துமா இரட்சிப்புதான் முக்கியம், நிறத்தை எதற்கு இழுக்கிறீர்கள்” என்றார்கள். அந்தக் காலம் அப்படியா? வாருங்கள், அந்தக் காலத்துக்கே போவோம். மலரில் முழுப் பக்கம் வாங்கியிருக்கும் விட்ஃபீல்டிடமே போவோம்.

அவர் நாவன்மையைக் குறைத்துச் சொல்ல என்னால் முடியாது. பெஞ்சமின் ஃபிராங்க்லின் தம் வரலாற்றில் எழுதியிருக்கிறார். ஜார்ஜியாவில் அனாதை இல்லம் கட்ட விட்ஃபீல்ட் காணிக்கை கேட்கப்போகிறார் என்று தெரிந்து, ஒரு காசும் போடுவதில்லை என்ற தீர்மானத்தோடு ஃபிராங்க்லின் போய் நின்றார். பையில் செம்புக் காசு, வெள்ளி, தங்கம் மூன்றும் இருந்தன. பிரசங்கம் கொஞ்சம் நகர்ந்ததும் செம்பைப் போடலாம் என்று இளகினார். இன்னும் கொஞ்சம் நகர்ந்ததும் வெள்ளி. முடிவில் தங்கம் உட்படப் பை முழுவதையும் தட்டில் கொட்டினார். காசே கொண்டுவராமல் வந்த இன்னொருவர் பக்கத்தில் நின்றவரிடம் கடன் கேட்டாராம். அவரோ ஒரு குவேக்கர். “வேறு நேரமானால் தருவேன், இப்போது உமக்குப் புத்தி தெளிவாய் இல்லை” என்ற பொருளில் சொல்லி மறுத்துவிட்டாராம். எத்தனை மேடையில் இதைச் சொல்லி நாம் காணிக்கை எடுத்திருக்கிறோம்!

அந்தத் தங்கக் காசு போன இடத்தில் என்ன நடந்தது? அதை யார் சொன்னார்கள்? ஜார்ஜியாவில் 1735 முதல் அடிமை முறைக்குத் தடை இருந்தது. 1740இல், அடிமைகளைக் கொடுமைப்படுத்துகிறீர்களே என்று தென் குடியேற்றங்களைக் கண்டித்துக் கடிதம் எழுதியவர் இதே விட்ஃபீல்ட்தான். 1747இல் தென் கரோலினாவில் அடிமைகளோடு ஒரு தோட்டத்தை வாங்கினார். அதன் வருமானம் அதே அனாதை இல்லத்துக்கு, பெதெஸ்தாவுக்கு! ஜார்ஜியாவிலும் தடையை நீக்குங்கள் என்று வாதாடினார். 1751இல் தடை நீங்கியது. 1770இல் அவர் இறந்தபோது ஏறக்குறைய ஐம்பது மனிதர்கள், மனிதர்கள் ஐயா, அவர் உயிலில் சொத்தாக எழுதப்பட்டு ஹண்டிங்டன் சீமாட்டிக்குப் போனார்கள். ஆத்துமாவை இரட்சித்தவர் ஆளை உயிலில் எழுதினார்!

அந்தக் காலம் அப்படி என்றீர்களே, அதே ஜார்ஜியாவில், எபெனேசர் என்ற ஊரில், சால்ஸ்பர்க் அகதிகளின் போதகராய் இருந்தார் போல்ட்சியஸ். எங்கிருந்து வந்தவர்? ஹாலே. நம் தரங்கம்பாடிக்கு வந்த சீகன்பால்கு படித்த அதே ஹாலே! அடிமை முறை வேண்டாம் என்று அவர் வருஷக் கணக்கில் எதிர்த்து நின்றார். அவர் மனத்தை மாற்ற முயன்றவர்களில் விட்ஃபீல்டும் ஒருவர். ஒரே காலம், ஒரே மண், ஒரே வேதம். ஒருவருக்குத் தெரிந்தது மற்றவருக்கு ஏன் தெரியவில்லை? காலத்தின் மேல் பழி போடாதீர்கள். 2020இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகம் விட்ஃபீல்ட் சிலையைத் தன் வளாகத்திலிருந்து எடுப்பதாக அறிவித்தது. அவர்கள் இறக்கிய ஆளை நாம் முழுப் பக்கத்தில் ஏற்றியிருக்கிறோம், உயிலைப் பற்றி ஒரு வரி எழுதாமல்!

ஃபின்னியைப் பற்றி நியாயமாய்ச் சொல்கிறேன். அடிமை வைத்திருக்கிறவருக்கு இராப்போஜனம் கிடையாது என்று நியூயார்க்கில் துணிந்தவர். ஆனால் அதே ஆலயத்திலும் கறுப்பருக்குத் தனி இடம்தான். மூடி 1876இல் அகஸ்டாவில் பிரசங்கித்தபோது கறுப்பருக்கும் வெள்ளையருக்கும் நடுவே வேலி வைத்தார்கள். முதலில் முணுமுணுத்தார், பிறகு வேலியோடு பிரசங்கித்தார். பில்லி கிரஹாம் 1953இல் சட்டனூகாவில் பிரிக்கும் கயிற்றைத் தம் கையாலேயே எடுத்தார் என்று பெருமையாய்ச் சொல்வோம். சொல்லுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. அதே ஆண்டு டல்லாஸில் பிரித்து உட்காரவைக்க இசைந்தாரே, அதையும் சேர்த்துச் சொல்லுங்கள்!

மலரில் இல்லாத இன்னொரு கறுப்பு முகம் ரிச்சர்ட் ஆலன். அவரை விட்டுவிட்டுப் போக மனமில்லை. அடிமையாய்ப் பிறந்து, மெதடிஸ்ட் பிரசங்கத்தில் மனந்திரும்பி, உழைத்துப் பணம் கொடுத்துத் தன்னைத் தானே மீட்டவர். ஃபிலடெல்ஃபியாவில் செயின்ட் ஜார்ஜ் ஆலயத்தில், எல்லாரும் முழங்காலில் இருந்து ஜெபிக்கும் வேளையில், அவரோடு இருந்த அப்சலோம் ஜோன்ஸைக் கையைப் பிடித்து இழுத்து எழுப்பினார்கள், இது உன் இடமில்லை என்று. ஜெபம் முடியட்டும் என்று கெஞ்சினார் ஜோன்ஸ். முடியும்வரை விடவில்லை. கறுப்பர்கள் மொத்தமாய் எழுந்து வெளியேறினார்கள். ஆலன் 1794இல் பெத்தேல் ஆலயத்தைத் திறந்தார், 1816இல் தனித் திருச்சபையே கண்டார். முழங்காலில் இருக்கிற மனிதனைத் தூக்குகிற கை என்ன கை! நமக்கு இது புதிதா? தஞ்சாவூரில் சாதி பார்த்துப் பிரிந்து உட்கார்ந்த சபைகளுக்கு, அதை விட்டொழியுங்கள் என்று 1833இல் கல்கத்தா பிஷப் வில்சன் கட்டளை அனுப்பவில்லையா? இந்த வலி தெரிந்த ஜனம் நாம். நாமே அந்த முகங்களை விட்டுவிட்டு மலர் போடலாமா?

சீமோரிடம் திரும்புகிறேன். 1906 அக்டோபரில் பார்ஹம் அசூசா தெருவுக்கு வந்தார். நிறங்கள் கலந்து முழங்கால் போட்டிருப்பதைக் கண்டு அருவருத்தார், கண்டித்தார். சபையார் அவரை ஏற்கவில்லை. பார்ஹம் பின்னாளில் வெள்ளை இனவெறிக் கும்பலான கூ கிளக்ஸ் கிளானைப் பாராட்டினார். சீமோர் அசூசா தெருவிலிருந்து ஒரு பத்திரிகையும் நடத்தினார். இலவசமாய், பல்லாயிரம் பிரதி போய்க்கொண்டிருந்தது. 1908இல் அதைக் கவனித்துவந்த கிளாரா லம் முகவரிப் பட்டியல்களோடு போர்ட்லண்ட் போய்விட்டார். கடிதம் எழுத விலாசம்கூட இல்லாமல் நின்றார் சீமோர். 1914இல் ஆர்க்கன்சா மாநிலம் ஹாட் ஸ்பிரிங்ஸில் கூடி அசெம்பிளிஸ் ஆஃப் காட் என்ற பெந்தெகொஸ்தே சபையை அமைத்தவர்கள் ஏறக்குறைய எல்லாரும் வெள்ளையர்கள். 1948இல் வட அமெரிக்கப் பெந்தெகொஸ்தே ஐக்கியம் கண்டபோது ஒரு கறுப்புச் சபையும் அதில் கிடையாது. அடுப்பு மூட்டியவரை வாசலில் நிறுத்திவிட்டுப் பந்தி நடத்தினார்கள்! 1994இல்தான் மெம்ஃபிஸில் அந்த ஐக்கியத்தைக் கலைத்து, மன்னிப்புக் கேட்டு, ஒருவர் காலை ஒருவர் கழுவினார்கள். அமெரிக்க வெள்ளைக்காரர்களே காலைக் கழுவி ஒப்புக்கொண்ட செய்தி நம் மலருக்கு இன்னும் வந்து சேரவில்லை. சீமோர் படம் எங்கே?

உணவு வேளையில் ஒருவர் கடைசி அம்பையும் எய்தார். 1915இல் சீமோரே தம் சபை விதிகளில், பொறுப்புகள் கறுப்பரிடமே இருக்க வேண்டும் என்று எழுதினாரே, அது மட்டும் நியாயமா என்றார். ஆமாம், எழுதினார். வெள்ளைச் சகோதரரை நேசியுங்கள் என்றும் அதே விதிகளில் எழுதினார். ஒரே பலகையில் எல்லாரையும் உட்காரவைத்த மனிதர், பத்திரிகை போய், முகவரி போய், கூட்டம் போய், வெறிச்சோடிய அறையில் உட்கார்ந்து அந்த விதியை எழுதினார். 1922இல் இறந்தார். 1931இல் கட்டடத்தையும் இடித்தார்கள். அந்த ஒரு விதியை எடுத்துக்கொண்டு சீமோரைக் குறை சொல்ல வருகிறவர் யாராய் இருந்தாலும், எத்தனை பெரிய ஊழியராய் இருந்தாலும், முதலில் ஹூஸ்டன் வராந்தாவுக்குப் பதில் சொல்லிவிட்டு வரட்டும்!