இனிப்புக்குள் கஞ்சா

கஞ்சாவைப் புகைக்காமல் தின்பதற்கென்று செய்யப்படும் பண்டங்களில் இன்று உலகெங்கும் அதிகம் பேசப்படுவது ஜெல்லி மிட்டாய். கனடாவிலும் அமெரிக்காவின் பல மாநிலங்களிலும் அது உரிமம் பெற்ற கடையில் விற்கும் சரக்கு. வீட்டு அடுப்பிலேயே அதைச் செய்கிறவர்களும் அங்கே உண்டு. தமிழ்நாட்டில் அதே பண்டம் பெரும்பாலும் சாக்லேட் வடிவில் தலைகாட்டுகிறது. வடமாநிலங்களிலிருந்து கொண்டுவரப்படும் கஞ்சா சாக்லேட், காவல்துறையின் பறிமுதல் செய்திகளில் அடிக்கடி இடம்பெறுகிறது. தருமபுரி மாவட்டத்துக்கு இது தொலைதூரச் செய்தி அல்ல. பெங்களூரு–சேலம் தேசிய நெடுஞ்சாலை இந்த மாவட்டத்தின் நடுவே ஓடுகிறது. சென்னை–சேலம் ரயில் பாதை மொரப்பூர் வழியாகச் செல்கிறது. வடக்கே தொழில் நகரமான ஓசூர், தெற்கே சேலம். இந்த இரண்டுக்கும் இடையே போகும் எதுவும் தருமபுரியைத் தொட்டே போகிறது.

கஞ்சாச் செடியிலிருந்து மூன்று பொருள்கள் கிடைக்கின்றன. இலையை அரைத்தால் பாங்கு. பெண் செடியின் பூங்கொத்தை உலர்த்தினால் கஞ்சா. பூவிலும் இலையிலும் ஊறும் பிசினைத் திரட்டினால் சரஸ். மூன்றிலும் போதை தருவது ஒரே வேதிப்பொருள்தான். டெட்ராஹைட்ரோகன்னாபினால் என்பது அதன் பெயர், சுருக்கமாக டி.எச்.சி. இஸ்ரேலிய வேதியியலாளர்கள் ரஃபேல் மெக்கூலமும் யெகியேல் காவோனியும் 1964-இல் இதைப் பிரித்தெடுத்து, அதன் கட்டமைப்பை விளக்கினார்கள். இந்தப் பொருள் தண்ணீரில் கரையாது, கொழுப்பில் கரையும். இந்த ஒரு குணமே கஞ்சாப் பண்டங்களின் வரலாற்றையும் அவற்றின் ஆபத்தையும் ஒருசேர விளக்கிவிடுகிறது.

இந்தியாவில் கஞ்சாவை இனிப்பில் சேர்த்துத் தின்னும் பழக்கம் பழையது. கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் வேதியியல் கற்பித்த அயர்லாந்து மருத்துவர் வில்லியம் ஓஷானசி, 1839-இல் கஞ்சாவைப் பற்றிய தம் ஆய்வை வெளியிட்டார். அதில் ‘மாஜூன்’ என்ற இனிப்பைப் பற்றி விரிவாக எழுதினார். வெண்ணெய், சர்க்கரை, பால், மாவு ஆகியவற்றோடு கஞ்சாவைச் சேர்த்துச் செய்த பண்டம் அது. கொழுப்பில்தான் கஞ்சாவின் வீரியம் இறங்கும் என்பதை வேதியியல் பிறப்பதற்கு முன்பே சமையல்காரர்கள் கண்டுபிடித்திருந்தார்கள். வைத்தியர்களும் கஞ்சாவைச் சில லேகியங்களில் சேர்த்து வந்தார்கள். ஆனால் லேகியத்துக்கு அளவு உண்டு, வேளை உண்டு, பத்தியம் உண்டு. அதைக் கொடுப்பவர் ஒருவர், கண்காணிப்பவரும் அவரே.

1893-இல் பிரிட்டிஷ் இந்திய அரசு, இந்தியக் கஞ்சா ஆணையத்தை அமைத்தது. அந்த ஆணையம் சென்னை மாகாணம் உட்பட நாடு முழுவதிலும் 1,193 சாட்சிகளை விசாரித்து, 1894-இல் ஏழு தொகுதிகள் கொண்ட அறிக்கையைக் கொடுத்தது. மிதமாகப் பயன்படுத்துவோருக்குப் பெரிய தீங்கு தெரியவில்லை என்றும், முழுத் தடைக்குப் பதிலாக வரியும் உரிமமும் போதும் என்றும் அது சொன்னது. இந்த அறிக்கையை இன்றும் பலர் எடுத்துக்காட்டுகிறார்கள். ஆனால் அக்காலக் கஞ்சா வேறு, இக்காலக் கஞ்சா வேறு. அமெரிக்காவில் பறிமுதலான கஞ்சாவைச் சோதித்ததில், டி.எச்.சி.யின் அளவு 1995-இல் ஏறத்தாழ 4 சதவீதமாக இருந்தது. அது 2014-இல் ஏறத்தாழ 12 சதவீதமாக உயர்ந்திருந்தது. இன்றைய மிட்டாய்களில் பலவும் பூவைக்கூட நேரே சேர்ப்பதில்லை, அதிலிருந்து வடித்தெடுத்த சாற்றைச் சேர்க்கின்றன. அதன் செறிவு பூவைவிடப் பல மடங்கு.

ஜெல்லி மிட்டாயின் கதை தனி. ஜெர்மனியின் பான் நகரில் ஹான்ஸ் ரீகல் 1922-இல் கரடி வடிவ மிட்டாயைச் செய்து விற்கத் தொடங்கினார். அவருடைய நிறுவனம் ஹரிபோ. சர்க்கரைப் பாகு, பழச்சாறு, ஜெலட்டின் அல்லது பெக்டின் என்பதே அதன் அடிப்படைக் கூட்டு. அது முழுக்க முழுக்கத் தண்ணீரைச் சார்ந்த பண்டம். அதற்குள் கொழுப்பில் மட்டுமே கரையும் டி.எச்.சி.யைச் சேர்க்கும்போது இரண்டும் ஒட்டுவதில்லை. குழம்பின் மேல் மிதக்கும் எண்ணெய் போல டி.எச்.சி. ஓரிடத்தில் திரண்டும் இன்னோரிடத்தில் இல்லாமலும் போகிறது. தொழிற்சாலைகள் இதைச் சமாளிக்கக் குழம்பாக்கும் பொருள்களையும் அதிவேகக் கலவை இயந்திரங்களையும் பயன்படுத்துகின்றன. அதன் பிறகு ஒவ்வொரு தொகுதியிலிருந்தும் மாதிரி எடுத்து ஆய்வகத்தில் அளக்கின்றன. வீட்டுச் சமையலறையில் இவை எதுவும் கிடையாது. வாங்கிய சரக்கில் எவ்வளவு வீரியம் இருக்கிறது என்பதும் செய்பவருக்குத் தெரியாது. ஒரே தட்டில் உறைந்த இரண்டு துண்டுகளில் ஒன்றில் ஒன்றுமே இல்லாமலும் மற்றதில் மிதமிஞ்சியும் இருக்கக்கூடும். நிறம், மணம், சுவை எதை வைத்தும் அதைக் கண்டுபிடிக்க முடியாது.

அளவு தெரியாதது முதல் சிக்கல் என்றால், உண்ணும் கஞ்சாவின் இரண்டாவது சிக்கல் நேரம். புகைத்தால் டி.எச்.சி. நுரையீரல் வழியாகச் சில நிமிடங்களில் மூளையை எட்டிவிடும். தின்றால் அது முதலில் குடலுக்கும் பிறகு கல்லீரலுக்கும் போகவேண்டும். கல்லீரல் அதன் ஒரு பகுதியை 11-ஹைட்ராக்சி-டி.எச்.சி. என்ற வேறொரு பொருளாக மாற்றுகிறது. அதுவும் போதை தருவதுதான், மூளைக்குள் எளிதாகப் போவதும்கூட. கனடா நாட்டின் சுகாதாரத் துறை தரும் கணக்குப்படி, தின்ற 30 நிமிடம் முதல் 2 மணி நேரத்துக்குள் விளைவு தொடங்குகிறது. ஏறத்தாழ 4 மணி நேரத்தில் உச்சத்தை அடைகிறது. 12 மணி நேரம் வரை நீடிக்கிறது. மிச்ச மந்தம் மறுநாள் வரை இருக்கலாம். முதல் ஒரு மணி நேரத்தில் ஒன்றும் தெரியாததால் ‘இதில் சரக்கே இல்லை’ என்று நினைத்து மேலும் தின்று மருத்துவமனைக்குப் போகிறவர்கள் உண்டு.

அமெரிக்காவின் கொலராடோ மாநிலம் 2014 ஜனவரி 1-ஆம் தேதி பொதுமக்களுக்குக் கஞ்சா விற்பனையைத் தொடங்கியது. அதே ஆண்டு மார்ச் மாதத்தில் 19 வயது மாணவர் ஒருவர் கஞ்சா கலந்த பிஸ்கட் ஒன்றைத் தின்றார். அதில் 65 மில்லிகிராம் டி.எச்.சி. இருந்தது, அது ஆறு பேருக்கு உரிய அளவு. கடைக்காரர் சொன்னபடி முதலில் ஒரு துண்டை மட்டும் தின்றார். அரை மணி முதல் ஒரு மணி நேரம் வரை எந்த மாற்றமும் தெரியாததால் மீதியையும் தின்றார். பிறகு பேச்சு தடுமாறியது, ஆவேசம் வந்தது. முதல் துண்டைத் தின்ற ஏறத்தாழ மூன்றரை மணி நேரத்தில் நான்காம் மாடியின் பால்கனியிலிருந்து குதித்து இறந்தார். அமெரிக்க நோய்த் தடுப்பு மையம் 2015-இல் இந்த நிகழ்வை அறிக்கையாக வெளியிட்டது. அளவு எழுதிய உறையோடு, உரிமம் பெற்ற கடையில் வாங்கிய பண்டத்துக்கே இந்த நிலை.

மூன்றாவது சிக்கல் குழந்தைகள். பீடியையோ பொட்டலத்தையோ பார்த்தால் குழந்தை தொடாமல் போகலாம். மிட்டாயைப் பார்த்தால் எடுத்து வாயில் போட்டுக்கொள்ளும், ஒன்றோடு நிற்கவும் செய்யாது. அமெரிக்காவில் 6 வயதுக்குட்பட்ட குழந்தைகள் தெரியாமல் கஞ்சாப் பண்டம் தின்றதாக நச்சு உதவி மையங்களுக்கு வந்த தகவல்கள் 2017-இல் 207. அதுவே 2021-இல் 3,054 ஆனது. இவற்றில் மிகப் பெரும்பாலானவை வீட்டிலேயே நடந்தவை. இதனால்தான் கொலராடோ 2017 அக்டோபர் முதல் மனிதர், விலங்கு, பழம் ஆகிய வடிவங்களில் கஞ்சாப் பண்டம் செய்யக்கூடாது என்று தடுத்தது. கனடா 2019-இல் உண்ணும் கஞ்சாவை அனுமதித்தபோது, ஒரு பொட்டலத்தில் மொத்தம் 10 மில்லிகிராமுக்கு மேல் டி.எச்.சி. இருக்கக்கூடாது என்றது. விற்பனையை அனுமதித்த அரசுகளே மிட்டாய் வடிவத்தைத்தான் அதிகம் கட்டுப்படுத்தின.

குழந்தை இப்படிப்பட்ட எதையாவது தின்றுவிட்டால் அளவுகடந்த தூக்கம், தள்ளாட்டம், வாந்தி, வேகமான இதயத் துடிப்பு ஆகியவை தெரியும். அளவு கூடினால் மூச்சு மந்தமாகி, நினைவு தப்பலாம். இதற்கு மாற்று மருந்து கிடையாது. மூச்சையும் இரத்த அழுத்தத்தையும் கண்காணித்து, விஷம் உடலைவிட்டு நீங்கும்வரை தாங்கிப் பிடிப்பதே சிகிச்சை. எனவே உப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்கவைப்பது, மோர் கொடுத்துத் தூங்கவைப்பது போன்ற கைவைத்தியம் கூடாது. 108 ஆம்புலன்சை அழைத்து, தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை போன்ற வசதியுள்ள இடத்துக்குக் கொண்டுபோகவேண்டும். மிட்டாயின் மீதியையும் உறையையும் கையோடு எடுத்துச் செல்வது அவசியம். தின்றது என்ன என்பதை மருத்துவரிடம் மறைப்பது குழந்தையின் உயிரோடு விளையாடுவது. சிகிச்சைக்கு வேண்டிய நேரம் பல சோதனைகளில் வீணாகிவிடும்.

சட்டத்தைப் பொறுத்தவரை தருமபுரிக்கு ஒரு முன்வரலாறு உண்டு. ராஜாஜி தலைமையிலான சென்னை மாகாண அரசு கொண்டுவந்த மதுவிலக்குச் சட்டம், 1937 அக்டோபர் 1-ஆம் தேதி முதன்முதலில் நடைமுறைக்கு வந்தது சேலம் மாவட்டத்தில்தான். அன்று தருமபுரி சேலம் மாவட்டத்துக்குள் இருந்தது. அது தனி மாவட்டமானது 1965 அக்டோபர் 2-ஆம் தேதி. கள்ளும் சாராயமும் மட்டுமே அந்தச் சட்டத்தின் இலக்கு என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. ஆனால் கஞ்சாச் செடியின் இலை, சிறு காம்பு, பூ ஆகியவையும் போதைப்பொருள் என்று அந்தச் சட்டத்தின் விளக்கத்தில் இடம்பெற்றுள்ளன. பாங்கும் அதில் அடக்கம். வடமாநிலங்கள் சிலவற்றில் பாங்கு அரசு அனுமதியோடு விற்கப்படுவதைக் காட்டி, அது இங்கேயும் குற்றமில்லை என்று சொல்வது தவறாவது இதனால்தான்.

நாடு முழுமைக்கும் பொதுவானது 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் மற்றும் மனமயக்கப் பொருள்கள் சட்டம். கஞ்சா, சரஸ் ஆகியவற்றோடு, அவை கலந்த எந்தக் கலவையும் அந்தச் சட்டத்தின் கண்ணில் கஞ்சாவே. போதையில்லாத பொருள் சேர்ந்திருக்கிறதா இல்லையா என்பது பொருட்டல்ல. எனவே சாக்லேட்டானாலும் ஜெல்லியானாலும் லட்டானாலும் கணக்கு ஒன்றுதான். தயாரித்தல், வைத்திருத்தல், விற்றல், கொண்டுசெல்லல் எல்லாமே 20-ஆம் பிரிவின் கீழ் வரும். வீட்டில் செய்தாலும் அது தயாரிப்பே. கஞ்சாவில் 1 கிலோவுக்குக் குறைவானது சிறு அளவு, அதற்கு ஓராண்டு வரை கடுங்காவல் அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். 20 கிலோவுக்கு மேற்பட்டது வணிக அளவு, அதற்குக் குறைந்தது 10 ஆண்டு, அதிகபட்சம் 20 ஆண்டு. இடைப்பட்ட அளவுக்கு 10 ஆண்டு வரை. செடியை வளர்த்தாலும் 10 ஆண்டு வரை தண்டனை உண்டு. தெரிந்தே வீட்டையோ வண்டியையோ இதற்குக் கொடுப்பவருக்கு 25-ஆம் பிரிவு இருக்கிறது.

எடையைக் கணக்கிடுவது எப்படி என்ற கேள்வி நீண்ட காலம் நீதிமன்றங்களில் இருந்தது. சுத்தமான போதைப்பொருளை மட்டும் எடைபோட வேண்டும் என்று 2008-இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் கூறியிருந்தது. ஹீரா சிங் வழக்கில் 2020 ஏப்ரல் 22-ஆம் தேதி மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மாற்றியது. கலவையின் மொத்த எடையே கணக்கு என்றது. தின்னும் பண்டத்தைப் பொறுத்தவரை இதன் பொருள் கடுமையானது: சர்க்கரையும் சேர்த்தே தராசில் ஏறும். இதற்கு மேல் குழந்தைகளுக்கான சட்டமும் உண்டு. 2015-ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டத்தின் 77-ஆம் பிரிவின்படி, மருத்துவர் சொல்லாமல் குழந்தைக்குப் போதைப்பொருள் கொடுப்பவருக்கு 7 ஆண்டு வரை கடுங்காவலும் 1 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். குழந்தைகளை விற்பனைக்கோ கடத்தலுக்கோ பயன்படுத்தினால் 78-ஆம் பிரிவில் அதே அளவு தண்டனை.

கஞ்சாச் செடியோடு தொடர்புள்ள எல்லாமே தடைசெய்யப்பட்டவை அல்ல. செடியின் விதையில் போதை இல்லை. இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையம் 2021-இல் அந்த விதையையும் விதை எண்ணெயையும் உணவாக ஏற்றது. ஆனால் ஒரு கிலோவில் 5 மில்லிகிராமுக்கு மேல் டி.எச்.சி. இருக்கக்கூடாது. உரிமம் பெற்ற நிறுவனங்கள் ஆயுர்வேத, சித்த மருந்துகளில் செடியின் இலையைப் பயன்படுத்துவதும் உண்டு. அத்தகைய மருந்துகளின் உறையில் மருத்துவ மேற்பார்வையில் மட்டுமே உட்கொள்ளவேண்டும் என்ற எச்சரிக்கை இருக்கவேண்டும். இந்த இரண்டு வாசல்களையும் காட்டி, உறையில் தயாரிப்பாளர் முகவரியோ உரிம எண்ணோ இல்லாத மிட்டாயை ‘மூலிகை’ என்று விற்பது ஏமாற்று.

பழக்கத்தில் சிக்கியவருக்குச் சட்டமே ஒரு வழியையும் திறந்து வைத்திருக்கிறது. 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 64-ஏ பிரிவின்படி, சிறு அளவு தொடர்பான குற்றத்திலோ பயன்படுத்திய குற்றத்திலோ சிக்கிய பழக்க அடிமை, அரசு அல்லது அரசு ஏற்ற மையத்தில் தானே முன்வந்து சிகிச்சை பெற்றால் வழக்கிலிருந்து விலக்குப் பெறலாம். சிகிச்சையை முழுமையாக முடிக்காவிட்டால் அந்த விலக்கு திரும்பப் பெறப்படலாம். ஆலோசனைக்கு மத்திய அரசின் இலவச எண் 14446. கடத்தல், விற்பனை பற்றித் தகவல் சொல்லத் தேசிய எண் 1933, தமிழ்நாடு மதுவிலக்கு அமலாக்கப் பிரிவின் இலவச எண் 10581. பள்ளி வாசலில் விற்கும் மிட்டாயில் சந்தேகம் வந்தால் சுவைத்துப் பார்ப்பதும் விற்பவரோடு சண்டையிடுவதும் தேவையில்லை. இடத்தையும் நேரத்தையும் குறித்துக்கொண்டு இந்த எண்களில் சொன்னால் போதும்.