குருசடைத் தீவு



இராமேசுவரம் செல்வோர் பாம்பன் பாலத்தை வியந்து நோக்குவர். பாம்பனை அடுத்து, மன்னார் வளைகுடாவில் கிடக்கும் குருசடை என்னும் சிறு தீவை நினைப்போர் மிகச் சிலரே. தூத்துக்குடிக்கும் இராமேசுவரத்துக்கும் இடையே சங்கிலிபோல் அமைந்த 21 தீவுகளுள் இதுவும் ஒன்று. பரப்பு ஏறத்தாழ 65 ஹெக்டேர். இங்கே மலையில்லை, ஆறில்லை. மணலும் பவளச் சிதைவுகளும் சேர்ந்து உண்டான தாழ்ந்த நிலம் இது. கரையோரம் அலையாத்தி மரங்கள் நிற்கின்றன. இவ்வளைகுடாவின் கடற்புல் வெளிகளில், மீனவர் 'ஆவுளியா' என்றழைக்கும் கடற்பசு மேய்கிறது.

இத்தீவின் கரையோர உயிரினங்களைப் பற்றிச் சென்னை அரசு அருங்காட்சியகம் 1927-ஆம் ஆண்டிலேயே தனி நூல் வெளியிட்டது. முதுகெலும்பற்ற உயிர்களுக்கும் முதுகெலும்புள்ளவற்றுக்கும் உள்ள உறவை ஆராய்வோர் பெரிதும் போற்றும் பலனோகிளாசஸ் என்னும் புழு இதன் மணலில் வாழ்கிறது. விலங்கியல் மாணவர்கள் தலைமுறை தலைமுறையாக இத்தீவை நாடி வந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

நான் ஆசிரியனாக இருந்தபோது, உரிய அனுமதி பெற்று மாணவர் சிலரை அங்கு அழைத்துச் சென்றேன். தெளிந்த நீரினூடே பவளப்பாறையைக் கண்ட ஒரு சிறுவன், "ஐயா, இந்தக் கல்லுக்கு உயிர் உண்டா?" என்று வினவினான். நல்ல வினா. கல்லுக்கு உயிரில்லை, ஆனால் அதன்மேல் வாழும் நுண்ணிய பவள உயிர்கள், கடல்நீரிலுள்ள சுண்ணாம்பைக் கொண்டு அக்கல்லைக் கட்டுகின்றன. பாறைபோல் திரண்டு வளரும் பவளம் ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டரே வளரும். ஒரு மீட்டர் உயர்வதற்கு எத்தனை ஆண்டுகள் ஆகுமென நீங்களே கணக்கிடுங்கள்!

அலையின் வேகத்தைத் தடுத்துத் தீவைக் காக்கும் மதில் இப்பவளப்பாறையே. சுண்ணாம்புக்காகவும் கட்டடங்களுக்காகவும் மக்கள் இம்மதிலைப் பல்லாண்டுகள் பெயர்த்தெடுத்தனர். விளைவு என்ன? 21 தீவுகளுள் பூவரசன்பட்டி, விலங்குசல்லி என்னும் இரண்டும் கடலுள் மூழ்கின. தூத்துக்குடியருகே வான் தீவு தேய்ந்து சிறுத்தது. அதனைக் காக்கச் செயற்கைப் பாறைகளைக் கடலில் இறக்கினர்.

குருசடைக்கு வேறு வகையிலும் இடர் வந்தது. தொழிலுக்காக நம் கடலில் வளர்க்கப்பட்ட அயல்நாட்டுக் கடற்பாசி ஒன்று, இத்தீவின் பவளங்கள்மீது படர்ந்து அவற்றை மூடியதாக அறிஞர்கள் 2008-இல் அறிவித்தனர். கடல்நீர் மிகையாக வெப்பமுறும்போது பவளங்கள் வெளிறி மடிவதும் உண்டு. 2010-இலும் 2016-இலும் இவ்வளைகுடாவில் அவ்வாறு நேர்ந்தது.

1986-இல் இத்தீவுகள் கடல்சார் தேசியப் பூங்காவாயின. 2001-இல் பவளங்களுக்கு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் காவல் கிடைத்தது. சட்டம் தன் கடமையைச் செய்யட்டும். நமக்கும் ஒரு கடமை உண்டு. கடற்கரையில் எவரேனும் வெண்பவளக் கொம்பை விலைகூறி நீட்டினால், அழகுப்பொருளென்று வாங்கிவிடாதீர்கள். அது ஒரு தீவின் மதிலிலிருந்து பெயர்த்த கல்லாக இருக்கலாம் என்பதை உடன்வருவோருக்கும் எடுத்துச் சொல்லுங்கள்.