படி எதற்கு மூன்று?
(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



பஸ் பற்றிப் பேசுங்கள் என்றார் செயலாளர். பஸ் என்றதும் எனக்கு ஞாபகம் வருவது நம் வகுப்புத் தோழன் ஒருவன். போலியோவால் இரண்டு காலிலும் காலிபர். தினமும் இரண்டு பேர் கைத்தாங்கலாகத் தூக்கி ஏற்றுவோம். ஒரு நாள் கேட்டான்: "படி எதுக்குடா மூணு?" மெக்கானிக்கல் படித்த எங்களில் ஒருவனுக்கும் பதில் தெரியவில்லை.

பதில் ரொம்ப சாதாரணம். முன்னால் எஞ்சின், பின்னால் டிஃபரன்ஷியல், நடுவே புரொப்பெல்லர் ஷாஃப்ட். இதற்கெல்லாம் மேலேதான் தளம். லாரி சேசிஸில் பஸ் கட்டினால் தளம் கிட்டத்தட்ட ஒரு மீட்டர் உயரத்தில் நிற்கும். அப்போது மூன்று படி வேண்டியதுதானே!

வேறு மாதிரி செய்யலாம் என்பதை லண்டனில் ஒரு பணிமனையில் வேலை பார்த்தபோது கண்டேன். வண்டியின் பெயர் டென்னிஸ் லான்ஸ் எஸ்.எல்.எஃப். சேசிஸ் கில்ட்ஃபோர்டு டென்னிஸ் கம்பெனி, பாடி வட அயர்லாந்தின் ரைட். 1994இல் லண்டனில் ஓடத் தொடங்கிய முதல் தாழ்தள பஸ்களில் 38 இந்த வகை. மீதி 30 ஸ்கேனியா. சிறிய, விலை குறைந்த டார்ட் எஸ்.எல்.எஃப். பின்னாலேயே வந்துவிட்டதால் லான்ஸ் அதிகம் பெருகவில்லை. இன்று பார்ப்பதே அபூர்வம்.

எஞ்சினைக் கடைசிக்குத் தள்ளியாயிற்று. முன்பாதிக்குக் கீழே ஷாஃப்ட் இல்லை. அதனால் அங்கே தளம் இறங்கிவிட்டது. பின்பாதியில் எஞ்சினும் ஆக்ஸிலும் இருக்கின்றன, அங்கே உள்ளே படி ஏறித்தான் உட்கார வேண்டும். இதைத்தான் 'லோ என்ட்ரி' என்கிறார்கள். முழுதும் தாழ்த்தலாமே என்பீர்கள். அதற்கு நடுவில் வளைந்து இறங்கும் தனி ஆக்ஸில், ஒருபக்கம் ஒதுக்கிய எஞ்சின் எல்லாம் வேண்டும், விலை ஏறும். பாதி போதும் என்றது நல்ல முடிவு என்றே இன்றும் நினைக்கிறேன். இழப்பும் உண்டு. தளம் இறங்கினால் சக்கரம் உள்ளே எட்டிப் பார்க்கும், அந்த இடத்தில் சீட் போச்சு.

இப்போது ஒரு கணக்கு. மாணவர்கள் நோட்டை எடுங்கள்! வாசலில் தளம் 320 மி.மீ. ஏர் சஸ்பென்ஷனில் காற்றை இறக்கினால் வண்டி ஒட்டகம் போல மண்டியிடும். 70 குறைந்து 250. நடைபாதை 125 மி.மீ. உயரம் என்றால் மீதி 125. ஒரு மீட்டர் சாய்பலகை போட்டால் எட்டுக்கு ஒன்று சரிவு. சக்கர நாற்காலியை ஓரளவு தள்ளி ஏற்றலாம். நடைபாதை இல்லாவிட்டால்? நாலுக்கு ஒன்று. தனியாக ஏறவே முடியாது. டிரைவர் பலகைக்கு எட்டாதபடி தள்ளி நிறுத்தினாலும் இதே கதைதான்.

ஆக, பாதி பஸ் பணிமனையில் செய்கிறோம். மீதி பாதி ரோட்டோரத்தில் இருக்கிறது. சிவில் நண்பர்கள் கோபிக்கக் கூடாது. லண்டனில் 2005 முடிவதற்குள், சில பாரம்பரிய வண்டிகள் தவிர, எல்லா பஸ்களும் தாழ்தளமாயின. கூடவே நிறுத்தங்களின் கல்வரிசையையும் உயர்த்தினார்கள்.

நேற்று நம் கல்லூரி வாசல் நிறுத்தத்தில் டேப் வைத்துப் பார்த்தேன். நடைபாதை உயரம் பூஜ்யம். அந்த நண்பன் அதோ, இரண்டாம் வரிசையில் இருக்கிறான். காரில்தான் வந்தான். இறுதியாண்டு புராஜெக்ட் தேடுகிற பிள்ளைகள் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வாசலுக்கு வாருங்கள். டேப் என்னிடம் இருக்கிறது.